ஏ.எம். 7.22

ஏ.எம். என்கிற இரண்டெழுத்துக்கு எங்கள் ஷெட்டில் மூன்று அர்த்தம் இருந்தது. நாலாவது அர்த்தத்தைப் பிணவறை டாக்டர் ஒருத்தர் சொல்லிக் கொடுத்தார். அதற்கப்புறம் இரண்டு வருஷம், ஒரே ஒரு ஆளை அழிப்பதற்காகத்தான் நான் சோறு தின்றேன்.

வாசலில் தொங்குகிற பெரிய கடிகாரத்தில் ஏ.எம். என்று எரிந்தால் காலை நேரம். குழந்தைக்கும் தெரியும். ஷெட்டுக்குள் 'ஏ.எம். வாரான்' என்று எவனாவது முனகினால் அசிஸ்டென்ட் மேனேஜர் பிரகலாதன் வருகிறார் என்று அர்த்தம். பீடியை மிதித்து அணைத்துவிட்டு வேலை பார்ப்பதுபோல நிற்போம். மூன்றாவது ஏ.எம். கூட்டின் மார்பில் எரிவது. ஆட்டோ மோடு.

கூடு என்று பெயர் வைத்தது நாங்கள்தான். கம்பெனிக்காரன் வாயில் நுழையாத ஒரு பெயர் வைத்திருந்தான். கால், இடுப்பு, முதுகு, கை எல்லாவற்றையும் சுற்றி இரும்புச் சட்டம். உள்ளே ஆள் நின்றுகொண்டால் அதுவாகப் பூட்டிக்கொள்ளும். கப்பலில் இருந்து உர மூட்டை இறக்குகிற வேலை எங்களுக்கு. முன்னே ஒரு மூட்டைக்கு முதுகெலும்பு முனகும். கூட்டுக்குள் நின்றால் நாலு மூட்டையை ஒரே தூக்காகத் தூக்கலாம். நாளாக நாளாக அது நம் நடையைப் பழகிக்கொள்ளும். ஆள் களைத்தால் மார்பில் ஏ.எம். எரியும். அப்புறம் நாம் எதுவும் செய்ய வேண்டாம், நம் கையையும் காலையும் இழுத்துக்கொண்டு அதுவே சுமக்கும். எங்களில் பாதிப் பேர் ஏ.எம்.மில் போட்டுவிட்டு உள்ளேயே தூங்குவோம். தலை தொங்கிக்கொண்டிருக்கும், கால் நடந்துகொண்டிருக்கும். அதை யாரும் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை.

மார்பில் ஒரு சிவப்புப் பொத்தான் உண்டு. அழுத்தினால் கூடு நின்று திறந்துகொள்ளும். மூத்திரத்துக்கு, டீக்கு, முதுகைச் சொறிய என்று அதை நாங்கள் அடிக்கடி அழுத்தினோம். ஏ.எம்.முக்கு அது பிடிக்கவில்லை. ஆபீசில் இருந்தே பொத்தானைப் பூட்டுகிற மாதிரி ஒரு ஏற்பாடு கொண்டுவந்தார். காலை ஏழில் இருந்து பதினொன்று வரை பூட்டு. சம்மதம் என்று கையெழுத்துப் போடுகிறவனுக்கு வேலை பெர்மனென்ட்.

கேங் கூடிப் பேசியது. ஒருத்தனும் கையெழுத்துப் போடக் கூடாது என்று முடிவு. கேங் மேஸ்திரி நான். பெயர் சுடலைமணி.

என் மச்சான் ஆத்தியப்பன் போட்டுவிட்டான். என் மனைவி இசக்கியம்மாளின் கூடப்பிறந்த அண்ணன். நாற்பத்தாறு வயது. பதினாறு வயதில் கப்பல் பலகையில் இருந்து விழுந்து இடது தோள் இறங்கிப்போனவன். அந்தத் தோளோடு இன்னும் எத்தனை வருஷம் சுமக்க முடியும் என்று அவனுக்குப் பயம். அது எனக்கு இப்போது புரிகிறது. அப்போது கோபம்தான் வந்தது.

கேங் முடிவை மீறியவனை நாங்கள் அடிக்க மாட்டோம். பேச மாட்டோம். பதினைந்து நாள். கூப்பிட்டால் திரும்பக் கூடாது, முகம் பார்க்கக் கூடாது. தண்ணீர் கேட்டால் கேனைக் காலால் தள்ளிவிடலாம், கையால் கொடுக்கக் கூடாது. எங்கள் அப்பன்மார் வெறும் முதுகில் சுமந்த காலத்தில் இருந்தே இருக்கிற கட்டு அது. அந்தக் கட்டு இல்லாவிட்டால் மேனேஜர்மார் எங்களை ஒவ்வொருத்தனாகப் பிரித்துத் தின்றிருப்பார்கள். ஆத்தியப்பனுக்கும் கட்டுப் போட்டேன். சொந்தக்காரன் என்பதால் மற்றவர்களைவிடக் கண்டிப்பாகவே போட்டேன்.

கட்டின் ஐந்தாம் நாள். கப்பல் மதியம் கிளம்பியாக வேண்டும் என்று ஏ.எம். காலையிலேயே மைக்கில் கத்திக்கொண்டிருந்தார். ஷெட் சுவரில் ஒரு போர்டு உண்டு, எந்தக் கூடு அதிகம் சுமந்தது என்று காட்டும். எட்டரை மணிக்கு முதல் இடத்தில் முப்பத்தொன்று வந்தது. ஆத்தியப்பனின் கூடு. அப்புறம் இறங்கவே இல்லை.

"அண்ணாச்சி, முப்பத்தொண்ணு போற போக்கைப் பாத்தீகளா?" என்றான் பக்கத்தில் வந்த பிச்சைக்கனி. "கப்பலையே முழுங்கிருவான் போல."

"முழுங்கட்டும். பெர்மனென்ட் ஆகணும்லா" என்றேன்.

சிரித்தோம். அவன் கூடு எங்களைத் தாண்டிப் போனது. மார்பில் ஏ.எம். எரிந்தது. தலை தொங்கியிருந்தது. தூங்குகிறான் பார், திமிர் பிடித்தவன் என்று நினைத்தேன்.

பதினொரு மணிக்குப் பூட்டு விட்டது. முப்பத்தொன்று நின்றது, திறந்தது. ஆத்தியப்பன் முகம் குப்புற உர மூட்டை மேல் விழுந்தான். ஓடிப்போய்ப் புரட்டினேன். உடம்பு குளிர்ந்துபோயிருந்தது. போர்டில் அப்போதும் அவன் கூடுதான் முதல் இடம்.

*

நெஞ்சுவலி, நின்ற இடத்திலேயே உயிர் போய்விட்டது, யாரும் ஒன்றும் செய்திருக்க முடியாது. கம்பெனி இப்படித்தான் எழுதியது. 7.22 மணிக்கு ஏ.எம். எரிந்ததற்கு ஆதாரம் இருந்தது, அதுதான் உயிர் போன நிமிஷம் என்றார்கள். அன்றைக்குப் பூட்டே போடவில்லை என்று பிரகலாதன் கையெழுத்து வைத்திருந்தார். அவர் மீட்டிங்கில் இருந்தாராம்.

பெரியாஸ்பத்திரியில் அறிக்கை வாங்கப் போனபோது இசக்கியும் வந்தாள். உள்ளே அந்த டாக்டரம்மா டிபன் டப்பாவைத் திறந்துகொண்டிருந்தார். எங்களைப் பார்த்து மூடிவைத்தார்.

அறிக்கையில் காயங்களை வரிசையாக எழுதியிருந்தது. ஒவ்வொன்றுக்கும் எதிரே ஒன்று ஏ.எம்., இல்லாவிட்டால் பி.எம்.

"கூட்டோட ஏ.எம். உங்களுக்கு எப்படித் தெரியும்மா?" என்றேன்.

"எந்தக் கூடு?" என்றார். அப்புறம் புரிந்துகொண்டு, "அது இல்லைங்க. எங்க பக்கம் ஏ.எம்.னா ஆன்டி மார்ட்டம். உயிர் போறதுக்கு முன்னால பட்ட காயம். பி.எம்.னா போனதுக்கு அப்புறம் பட்டது."

"போனதுக்கு அப்புறமா?" என்றாள் இசக்கி. "அப்புறம் எப்படிம்மா காயம் படும்?"

டாக்டர் என் முகத்தைப் பார்த்தார். சொல்லட்டுமா என்று கேட்கிற பார்வை. நான் தலையாட்டினேன்.

"உயிர் இருந்தாத்தான் ரத்தம் கட்டும். இந்த ரெண்டு மணிக்கட்டும் பாருங்க, நல்லாக் கன்னிப்போயிருக்கு. வலது கைப் பெருவிரல் நகம் பிஞ்சிருக்கு. எதையோ திரும்பத் திரும்ப அழுத்தியிருக்கார், இழுத்திருக்கார். இதெல்லாம் ஏ.எம். இடுப்பிலயும் முழங்கால்லயும் உராய்ஞ்சது வேற. தோல் மஞ்சளாக் காய்ஞ்சு கிடக்கு, ரத்தமே இல்லை. இரும்பு ரொம்ப நேரம் உராய்ஞ்சிருக்கு. அது பி.எம்."

"எங்கண்ணன் எவ்வளவு நேரம் இழுத்துக்கிட்டுக் கிடந்தான்?"

"அரை மணி. முக்கால் மணிகூட இருக்கலாம். நிமிஷக் கணக்கா என்னால சொல்ல முடியாதும்மா."

இசக்கி விரலை மடக்கி எண்ணினாள். ஏழே கால், எட்டு. எட்டில் இருந்து பதினொன்று.

"அப்பம் மூணு மணி நேரம் பொணத்தைச் சுமக்க விட்டிருக்கான்" என்றாள். குரல் ஏறவே இல்லை. "நாம செத்த மாட்டைக்கூட அவுத்து விட்டுருவோம்."

மறுநாள் காலையில் இருந்து அவள் ஷெட் கேட்டில் நின்றாள். ஆறே முக்காலுக்கு ஏ.எம். கார் வரும். காலடியில் கிடக்கிற மண்ணை இரண்டு கையாலும் வாரிக் காரின் மேல் தூற்றுவாள். வாயில் ஒரு வார்த்தை வராது. போலீஸ் வந்து எச்சரித்தது. அடுத்த நாளும் தூற்றினாள். டிரைவர் கண்ணாடியைத் துடைக்கப் பழகிக்கொண்டான். மண் விழாத நாள் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான். கூட்டைப் போட்டுக்கொண்டு உள்ளே நிற்கிற எனக்கு அந்தச் சத்தம் கேட்கும். மழை பெய்கிற மாதிரி ஒரு சத்தம். அதைக் கேட்டால்தான் எனக்கு அன்றைக்கு வேலை ஓடும்.

விசாரணையும் ஒரு பக்கம் நடந்தது. நகம் பிய்ந்ததைக் காட்டினோம். "வலி வந்த அந்த ஒரு நிமிஷத்துப் பதற்றத்தில் பிய்ந்திருக்கலாம்" என்றார் கம்பெனி வக்கீல். பூட்டுப் போட்டதற்கு ஆபீசில் எந்தப் பதிவும் இல்லை. அழித்துவிட்டார்கள் என்று எனக்குத் தெரியும். எனக்குத் தெரிவதை வைத்து எவனையும் உள்ளே தள்ள முடியாது.

*

முப்பத்தொன்றைக் கழுவி, காலடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கி, சூடம் காட்டி, புதிதாக வந்த லிவிங்ஸ்டன் என்பவனுக்குக் கொடுத்தார்கள். மூன்றாம் நாள் அவன் என்னிடம் வந்தான்.

"அண்ணாச்சி, இந்தக் கூடு என்னை இடது பக்கமா இழுக்கு. மூணு எட்டுக்கு ஒரு தடவை காலை லேசா இழுத்து வைக்கு. ரிப்பேரா?"

ரிப்பேர் இல்லை. அது ஆத்தியப்பனின் நடை.

நான் அந்தக் கூட்டைக் கேட்டு வாங்கிக்கொண்டேன். முதல் நாள் உள்ளே நின்றபோது என் இடது தோளை அது மெதுவாக இறக்கியது. பத்தொன்பது வருஷம் எனக்கு முன்னால் நடந்த தோள் அது. சாயங்காலம் வெளியே வந்து தோளைச் சுவரில் அழுத்தி நேராக்கப் பார்த்தேன். மறுநாளும் அதையேதான் போட்டேன். கோபம் ஆறிவிடக் கூடாது என்பதற்காக.

இரண்டு வருஷம் கழித்து நாற்பது புதுக் கூடு லாரியில் வந்து இறங்கியது.

மறுநாள் காலை ஷிப்ட் முடிந்து எல்லாரும் கூட்டைக் கழற்றாமலே கூடு கழுவுகிற இடத்துக்குப் போனோம். கேட்டில் இசக்கி எனக்குச் சாப்பாடு கொண்டுவந்து நின்றாள். நாற்பது பேர் வரிசையாக வருகிறார்கள். குட்டை, நெட்டை, கிழவன், இளவட்டம். எல்லாருக்கும் இடது தோள் இறங்கியிருக்கிறது. மூன்று எட்டுக்கு ஒரு முறை எல்லாரும் காலை இழுத்து வைக்கிறார்கள்.

தூக்குவாளியைக் கீழே வைத்துவிட்டு அவள் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"ஏங்க" என்றாள் நான் கிட்டே போனதும். "எத்தனை பேருக்கு எங்கண்ணனைப் போட்டு விட்டிருக்கான்?"

பொத்தானை அழுத்திக் கூட்டை விட்டு இறங்கி அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"அந்தாளு சும்மா சாகக் கூடாதுங்க. பொட்டுன்னு போயிரக் கூடாது. உள்ள போட்டுப் பூட்டணும். அவன் கத்தணும், எவனும் திறக்கக் கூடாது. அதை நான் பாக்கணும்."

"பாப்ப" என்றேன்.

கூடுகளைப் பழுது பார்க்கிற மெக்கானிக் ஒரு பெண். ஜெபசெல்வி. முப்பது வயதிருக்கும், கையெல்லாம் கிரீஸ், எதிர்த்துப் பேசியே இரண்டு கம்பெனியில் வேலை போனவள். அவளிடம் போய்க் கேட்டேன். முப்பத்தொன்றின் முதுகுத் தட்டைக் கழற்றியபடி பேசினாள்.

"புதுக் கூடு எல்லாத்துக்கும் இதுதாண்ணே தாய்க்கூடு. இதுல இருக்க நடையைத்தான் எடுத்து எல்லாத்துலயும் ஊத்திருக்காங்க."

"கெட்ட தோளை எதுக்கு எடுக்கணும்?"

"தோளை யாரு பாத்தா. அன்னைக்கு எட்டரையில இருந்து கடைசி வரைக்கும் போர்டுல முதல் இடம். ஒரு தடவைகூட நிக்கலை, தண்ணி கேக்கலை, மூத்திரம் போகலை. ஹெட் ஆபீஸ்ல கணக்குப் பாத்தவனுக்கு அது சூப்பர் தொழிலாளி." கிரீஸ் கையால் நெற்றியைத் தேய்த்துக்கொண்டாள். "செத்துட்டான்கிறது அந்தக் கணக்குல வராதுல்லா."

கழற்றிய தட்டைக் கீழே வைத்தாள். அவளே தொடர்ந்தாள்.

"ஒண்ணு சொல்லுதேன், கேட்டுட்டு என்னைக் காட்டிக் குடுக்கக் கூடாது. நீங்க மூட்டை தூக்கும்போது ஏய் ஹோய்னு சத்தம் குடுக்கீகளா, கூடு அந்தச் சத்தத்தைக் கேட்டுத்தான் எப்பம் தூக்கணும்னு படிக்கும். அதனால நடையும் குரலும் ஒரே பின்னலாக் கிடக்கும். ஆபீஸ்ல உள்ளதை அழிக்கலாம். கூட்டுக்குள்ள உள்ள குரலை அழிச்சா நடையும் சேந்து போயிரும். நடை போனா நாப்பது கூடும் நொண்டிரும். அதனால அழிக்கலை."

"அப்பம் ஆத்தி குரல்..."

"உள்ளதான் இருக்கு. அன்னைக்கு நாலு மணி நேரமும்."

அவனை வைத்து இன்னும் சம்பாதிக்கலாம் என்கிற ஆசைதான் அவன் குரலைக் காப்பாற்றி வைத்திருந்தது. பிரகலாதனின் கழுத்துக்கான கயிற்றை அவன் கம்பெனியே திரித்து இரண்டு வருஷமாக என் முதுகில் மாட்டிவிட்டிருந்தது.

"போடு" என்றேன்.

ஜெபா ஒரு ஒயரைச் சொருகி, காதில் வைக்கிறதை எடுத்தாள். முதலில் தான் வைத்துக் கேட்டாள். கொஞ்ச நேரத்தில் அவள் முகம் மாறியது. கழற்றி என்னிடம் நீட்டினாள்.

"நீங்க தனியாக் கேளுங்கண்ணே" என்று சொல்லிவிட்டு வெளியே போய்க் கதவைச் சாத்தினாள்.

*

முதலில் மூச்சு. அப்புறம் இரும்புக் கால் சத்தம். அப்புறம் ஆத்தியப்பன்.

"சார், நெஞ்சு பிடிக்கு சார். பொத்தான் வேலை செய்யல. திறங்க சார்."

கூட்டுக்குள் இருக்கிற ஆபீஸ் ஸ்பீக்கரில் பிரகலாதனின் குரல், தெளிவாக: "கையெழுத்து போட்டப்ப நல்லாத்தானே இருந்த? பதினொண்ணு வரைக்கும் பொறு."

"சார், முடியல சார்."

"எல்லாருக்கும் இதே கதை. கப்பல் போகட்டும்." டக்கென்று ஒரு சத்தம். ஆபீஸ் மைக்கை மூடிவிட்டார்.

மாட்டினான் என்று வாய்விட்டே சொன்னேன். இரண்டு வருஷத்தில் அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு வந்ததில்லை.

அப்புறம் ஆத்தியப்பன் என்னைக் கூப்பிட்டான்.

"மாப்ள."

இதுவரை சொல்லாத ஒன்றை இப்போது சொல்லிவிடுகிறேன். அதை நான் அன்றைக்கே கேட்டிருந்தேன். கப்பல் பக்கம் இருந்து வெறும் கையோடு நான் வருகிறேன், அவன் மூட்டையோடு எதிரே வருகிறான். ஒரு முழ தூரம். மாப்ள என்று கூப்பிட்டான். சமாதானத்துக்கு வருகிறான் என்று நினைத்தேன். கட்டு முடிய இன்னும் பத்து நாள் கிடக்கிறது, நல்லாக் கெஞ்சட்டும் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டேன். திருப்பியதில் எனக்கு ஒரு சுகம்கூட இருந்தது. அந்த ஒரு கூப்பாட்டை யாரிடமும் நான் சொல்லவில்லை. ஒரே ஒரு தடவைதானே, அதுவும் சாதாரணமாகத்தானே கூப்பிட்டான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஒரு தடவை இல்லை. பதினொரு தடவை.

போகும்போதும் வரும்போதும் கூப்பிட்டிருக்கிறான். மாப்ள, திறல. மாப்ள, வெளிய ஒரு லீவர் இருக்குல்லா, அதைத் தட்டு. மாப்ள, கட்டை அப்புறமாப் போட்டுக்கிடு. என் இரும்புக் கால் அவன் பக்கத்தில் வருவதும் தாண்டிப் போவதும் ஒவ்வொரு முறையும் கேட்கிறது. எட்டாவது முறைக்கு மேல் குரல் இல்லை, காற்று மட்டும்தான். பதினொன்றாவது முடிந்ததும் மூன்று மணி நேரம் கால் சத்தம்.

கூட்டுக்கு வெளியே, இடுப்புக்குப் பின்னால் ஒரு லீவர் உண்டு. ஆபீஸ் பூட்டு அதைக் கட்டுப்படுத்தாது. பக்கத்தில் நிற்கிறவன் ஒரு தட்டுத் தட்டினால் கூடு திறந்துவிடும்.

*

குரலைத் திருட்டுத்தனமாக எடுத்துக்கொண்டு போனால் செல்லாது, விசாரணை அதிகாரியிடம் மனுக் கொடுத்துக் கூட்டுக்கு சீல் வைக்கச் சொல்ல வேண்டும் என்று ஜெபா சொல்லியிருந்தாள். மனுவை எழுதி வாங்கிப் பையில் வைத்திருந்தேன். எப்படியோ மோப்பம் பிடித்து ஏ.எம். என்னை ஆபீசுக்குக் கூப்பிட்டார்.

"உக்காரு மணி." டீ சொன்னார். அவருக்குக் கீழே வேலை பார்த்த பதினேழு வருஷத்தில் முதல் டீ. "முப்பத்தொண்ணு பத்தி ஏதோ பேசிக்கிறாங்க."

"ஆமா."

"நான் அதைக் கேட்டிருக்கேன். அன்னைக்கு சாயங்காலமே கேட்டேன். ஹெட் ஆபீஸ் அந்த நடை வேணும்னு நிக்காம இருந்திருந்தா அன்னைக்கே அழிச்சிருப்பேன். நான் மறைக்கல, உங்கிட்ட மறைச்சு என்ன ஆகப்போகுது." டீயை என் பக்கம் தள்ளினார். "அதுல நான் ரெண்டு தடவை அவனுக்குப் பதில் சொல்லியிருக்கேன். தப்பான பதில்தான். நீ ஒரு தடவைகூடச் சொல்லலை."

டீயில் ஆடை படிவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எனக்கு ஜெயில், சரி. பெயில் எடுப்பேன், அப்பீல் போவேன், ஏதோ ஒரு நாள் வெளிய வருவேன். உன் வீட்டம்மா தினமும் என் கார்ல மண்ணு தூத்துறாங்களே, அவங்க இதைக் கேட்டா உனக்கு என்ன ஆகும்னு யோசிச்சியா? எங்கிட்ட பேச வேண்டாம். மனுவைக் குடுக்காத. அவ்வளவுதான். கூட்டை உருக்கிடுவோம். நம்ம ரெண்டு பேரைத் தவிர யாருக்கும் தெரிய வேண்டாம்."

நான் யோசித்தேன். பொய் சொல்லப் போவதில்லை, ஒரு ராத்திரியும் அரைப் பகலும் யோசித்தேன்.

மறுநாள் மத்தியானம் வீட்டில் சாளைக் குழம்பு. இசக்கி பரிமாறிக்கொண்டே கேட்டாள்.

"கூட்டுக்குள்ள எங்கண்ணன் சத்தம் இருக்காம்லா. ஜெபா சொன்னா. என்ன சொல்லுதான்னு கேட்டா, உங்ககிட்டயே கேக்கச் சொல்லிட்டுப் போயிட்டா."

"வலிக்குன்னு சொல்லுதான்."

"வேற?"

"ஏ.எம்.கிட்டத் திறக்கச் சொல்லுதான். அவன் மாட்டேங்கான்."

"வேற?"

சோற்றைப் பிசைந்தேன். "அவ்வளவுதான்."

அவள் என் தட்டில் இன்னொரு மீனை வைத்தாள். "அது போதும். அவன் கழுத்துக்கு அது போதும்."

அவள் கண்ணைப் பார்த்தேன். இரண்டு வருஷமாக நானும் அவளும் ஒரே கண்ணோடுதான் இருந்தோம். அந்த ஒரு வெறியைத் தவிர எங்கள் வீட்டில் வேறு எதுவும் மிச்சம் இல்லை. மனுவைக் கிழித்தால் அவள் சாகிற வரைக்கும் மண்ணைத் தூற்றிக்கொண்டிருப்பாள், பிரகலாதன் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு போய்க்கொண்டிருப்பான். எனக்கு அது பொறுக்கவில்லை. நான் நல்லவன் என்பதால் இல்லை. என்னைக் காப்பாற்றுகிற சாக்கில் அவன் தப்பிப்பதை என்னால் தாங்க முடியவில்லை.

கை கழுவிவிட்டுப் போய் விசாரணை அதிகாரியிடம் மனுவைக் கொடுத்தேன், அங்கிருந்து ஏ.எம். ஆபீசுக்குப் போனேன். ஏ.எம். கதவைத் தட்டாமல் திறந்தேன்.

"மனு குடுத்தாச்சு. நாளைக்கு சீல் வைக்க வாராக" என்றேன். அது வரைக்கும் அவரை சார் என்றுதான் கூப்பிட்டிருக்கிறேன். "நான் உமக்குப் பின்னால ஒளிஞ்சா நீரு எனக்குப் பின்னால ஒளிஞ்சிருவீரு. ரெண்டு பேரும் வெளிய வருவோம், வாரும்."

*

விசாரணை நடக்கிற ஹாலில் இருபது பேர் இருக்கும். மேஜை மேல் ஒரு ஸ்பீக்கர். ஜெபசெல்வி ஒயரைச் சொருகிவிட்டு ஒதுங்கி நின்றாள், என்னைப் பார்க்கவில்லை. இசக்கி என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். அண்ணன் எடுத்துக் கொடுத்த பச்சைச் சேலையைக் கட்டியிருந்தாள்.

திறங்க சார் என்று ஆத்தியப்பன் சொன்னதும் அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். பதினொண்ணு வரைக்கும் பொறு என்று அந்தக் குரல் வந்ததும் ஹால் முழுக்கப் பிரகலாதனைத் திரும்பிப் பார்த்தது. அவர் தரையைப் பார்த்தார். வக்கீல் அவர் பக்கத்தில் இருந்து நாற்காலியைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டார். இசக்கி என் கையை இறுக்கிப் பிடித்தாள். ஜெயித்துவிட்டோம் என்கிற பிடி அது.

அப்புறம் மாப்ள என்று வந்தது.

இரண்டாவது. மூன்றாவது. நான்காவதில் அவள் அழுகை நின்றது. லீவரைத் தட்டு என்று அவன் சொன்னபோது என் கையில் இருந்த அவள் விரல் ஒவ்வொன்றாகக் கழன்றது. கடைசிக் காற்றுச் சத்தம் வரைக்கும் முதுகை நேராக வைத்து, ஸ்பீக்கரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதிகாரி நிறுத்தச் சொன்னார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ஆபீஸ்ல பதில் சொல்றவர் யாருன்னு தெளிவா இருக்கு" என்றார். "இந்த மாப்ள யாரு? பக்கத்துலயே போயிட்டு வந்திருக்கார். ஒரு தட்டுத் தட்டியிருந்தா ஆள் பிழைச்சிருப்பார். கேங்ல யாராவது சொல்ல முடியுமா?"

பிச்சைக்கனி தலையைக் குனிந்துகொண்டான். பிரகலாதன் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் எழுந்திருக்கப் பார்த்தேன். நாற்காலி முதுகைப் பிடித்து ஊன்றினேன்.

அதற்குள் இசக்கி எழுந்துவிட்டாள்.

"நான் சொல்லுதேன் அய்யா. எழுதிக்கிடுங்க."

எங்கள் பக்கம் புருஷன் பெயரைச் சொல்லாத வழக்கம் இன்னும் இருக்கிறது. ரேஷன் கடையில் கேட்டால்கூட வாயைத் திறக்காமல் கார்டை நீட்டுகிறவள் அவள்.

"சுடலைமணி" என்றாள். "தகப்பன் பேரு வேலாண்டி. கேங் மேஸ்திரி."

அதிகாரிக்குச் சரியாகக் கேட்கவில்லை போல. பேனாவோடு நிமிர்ந்து, "கொஞ்சம் சத்தமா சொல்லுங்கம்மா" என்றார்.

சத்தமாகச் சொன்னாள்.